சீரில் வந்த பாகற்காய்

தை பிறக்கப் போகிறது என்றாலே எனக்கு வேறு வேலை ஓடாது. தெருவில் எல்லோரும் சுவருக்குச் சுண்ணாம்பு அடிப்பதும், பழைய பாயைக் கொளுத்த எடுத்து வைப்பதுமாக இருப்பார்கள். நான் துடைப்பத்தைக் கையில் வைத்துக்கொண்டு வாசலைப் பார்த்தபடி நிற்பேன். பிறந்த வீட்டிலிருந்து பொங்கல் சீர் வர வேண்டுமே என்ற கவலை. வராத வருஷமே இருந்ததில்லை. ஆனாலும் ஒவ்வொரு வருஷமும் கவலைப்பட்டேன். என் சுபாவம் அப்படி. பால் அடுப்பில் இருக்கும்போதே பூனை குடித்துவிட்ட மாதிரி பதறுகிறவள் நான்.

சீர் என்றால் பெரிய சமாச்சாரம் ஒன்றும் இல்லை. புதுப் பானை, பச்சரிசி, வெல்லம், ஜோடிக் கரும்பு, இலையோடு மஞ்சள் கொத்து, தேங்காய், பழம், ஒரு புடவை, ஒரு வேட்டி, ஒரு கூடை காய்கறி. எல்லாமே கடைத்தெருவில் கிடைக்கிற சாமான்தான். ஆனால் நாமாக வாங்கிப் பொங்குவது வேறு, பிறந்த வீட்டுக் கூடையை இறக்கிப் பொங்குவது வேறு. பெற்றவர்கள் இருக்கும்வரை அவர்கள் கொண்டுவருவார்கள். அவர்களுக்குப் பிறகு உடன்பிறந்தவன் கொண்டுவர வேண்டும். பெண்ணுக்கு எத்தனை வயசானாலும் வரும். அந்தக் கூடை வாசலில் வந்து இறங்குகிறவரை அவளுக்கென்று கேட்க ஆள் இருக்கிறது என்று தெருவுக்குத் தெரியும். அவளுக்கும் தெரியும்.

நான் பிறந்தது குரும்பகரம். வாழ்க்கைப்பட்டது திருமலைராயன்பட்டினம். வீட்டுக்காரர் கொம்யூன் பஞ்சாயத்தில் தண்ணீர்த் தொட்டிக்கு மோட்டார் போடுகிறவர். ஒரே மகன் ஓசூரில் கம்பெனி வேலையில் இருக்கிறான், லீவு கிடைத்தால் வருவான். எனக்கு உடன்பிறந்தவன் ஒரு தம்பி. அவன் பிறந்தபோது நான் ஏழாவது படித்துக்கொண்டிருந்தேன். அம்மா நடவுக்குப் போய்விட்டால் பிள்ளையை யார் பார்ப்பது? நான் பார்த்தேன். அதோடு பள்ளிக்கூடம் நின்றது. வருத்தம் என்று சொல்ல மாட்டேன். அவன் முதன்முதலில் பேசிய வார்த்தை ‘க்கா’. அம்மாவுக்கு அதில் கொஞ்சம் கோபம்கூட உண்டு.

அந்தத் தம்பி டிப்ளமா முடித்து, ஒரு சொல்தா வீட்டில் பெண் கட்டினான். பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்து பென்ஷன் வாங்குகிறவர்கள் வீட்டை எங்கள் பக்கம் இன்னும் சொல்தா வீடு என்றுதான் சொல்வார்கள். பெண்ணுக்கு அந்த நாட்டுக் குடியுரிமை. கொஞ்ச காலத்தில் அவனும் பாரிஸ் பக்கம் போய்விட்டான். அப்பா அதற்கு முன்பே காலமாகியிருந்தார். குரும்பகரத்து வீட்டில் அம்மா மட்டும்.

அவன் போன பிறகும் சீர் வந்தது. போகியன்று காலையில் அம்மா ஆட்டோவில் வந்து இறங்குவாள். இறங்கும்போதே தெருவுக்குக் கேட்கிற மாதிரி சொல்வாள்.

“தம்பி அனுப்பிச்சதுடி. நான் சும்மா கூட வந்தேன்.”

பரங்கிக்காயைப் பார்த்தாலே தெரியும், எங்கள் கொல்லையில் காய்த்தது. மஞ்சள் கொத்தில் ஒட்டியிருக்கிற மண் எங்கள் கிணற்றடி மண். பாரிஸில் உட்கார்ந்துகொண்டு தம்பி கொல்லையில் இறங்கிப் பரங்கிக்காயா பறித்தான்? நான் கேட்டதில்லை. “அவனுக்கு எவ்வளவு அக்கறை பாரேம்மா” என்பேன். அம்மாவுக்கு முகம் விரியும்.

அவன் போன முதல் வருஷம் நான் அவசரப்பட்டு, அம்மா வந்து இறங்கிய கையோடு அவனுக்குப் போன் போட்டுவிட்டேன். “சீரு வந்துச்சு தம்பி” என்றேன். “என்னா சீரு?” என்றான். அம்மா பக்கத்திலேயே நிற்கிறாள். நான் போனைக் காதோடு அழுத்திக்கொண்டு, “ஆமா தம்பி, கரும்புகூட நல்லா மொத்தமா இருக்கு” என்று நானாகவே பேசி முடித்துவிட்டேன். ஆனால் அம்மாவுக்கு விளங்கிவிட்டது போல. அவனைத் தனியாகக் கூப்பிட்டு என்ன சொன்னாளோ, அடுத்த வருஷத்திலிருந்து அவன் பாடம் படித்த மாதிரி ஒரே பதிலைச் சொல்ல ஆரம்பித்தான்.

“வந்துச்சாக்கா? அம்மாகிட்ட சொல்லியிருந்தேன். எல்லாம் சரியா இருக்கா?”

வருஷா வருஷம் ஒரு சொல் மாறாமல் இதேதான். நானும் “எல்லாம் சரியா இருக்கு தம்பி” என்பேன். அவனுக்கும் தெரியும், எனக்கும் தெரியும், அம்மாவுக்கும் தெரியும். யாரும் வாயைத் திறக்கவில்லை. வாயைத் திறக்காதவரை அது தம்பி சீர்தான்.

அந்தக் கூடையை அடுக்குவதில் அம்மா ரொம்பக் கண்டிப்பு. கொல்லையில் பாகல் கொடி பந்தல் முழுக்கக் காய்த்துத் தொங்கும். என் வீட்டுக்காரருக்கு சுகர். டாக்டர் சொன்னதிலிருந்து வாரா வாரம் கடைத்தெருவில் சின்னப் பாகற்காயாகப் பொறுக்கி வாங்கி வருவார். ஒரு தடவை அம்மாவிடம் அடுப்படியில் கேட்டுவிட்டேன்.

“அங்க பழுத்து வீணாத்தானே போவுது. ரெண்டு கொண்டாந்தா என்னாம்மா?”

அம்மா கையை ஓங்கிவிட்டாள்.

“கேக்குற வாயப் பாரு. மவ வீட்டுக்குப் பாவக்காயும் அகத்திக்கீரையும் எவளாச்சும் கொண்டு போவாளா? உறவு கசந்து போயிடும்டி. மாப்ளைக்கு வேணும்னா கடையில வாங்கித் திங்கட்டும். என் கையால வராது.”

இதை நான் அவரிடம் சொல்லவில்லை. மாமியார் ஒரு காய்கூடத் தரமாட்டேன் என்கிறாள் என்று அவர் எடுத்துக்கொண்டுவிட்டால் என்ன செய்வது என்று பயம்.

போன வருஷப் பொங்கலுக்கு முந்தின ஐப்பசி அடைமழையில் காய்ச்சல் என்று படுத்த அம்மா எழுந்திருக்கவில்லை. தம்பி வந்து சேரும்வரை ஐஸ் பெட்டியில் வைத்திருந்தோம். கருமாதி முடிந்த சாயங்காலம் அவன் கூடத்துச் சுவரில் சாய்ந்து உட்கார்ந்துகொண்டு, “யாருக்கா பாக்குறது இந்த வீட்ட? வித்துடலாம்” என்றான். அழுது அழுது அவன் குரல் கம்மியிருந்தது. நான் தலையாட்டினேன். அதை அடுத்து வந்த தை எங்களுக்குத் துக்கப் பொங்கல், அடுப்பே வைக்கவில்லை. சீர் வராததும் யார் கண்ணிலும் படவில்லை. பிறகு ஆவணியில் வீடு கை மாறியது. வாங்கியவர்கள் மழைக்கு முன்னால் இடித்துவிட்டார்கள். ஒருநாள் பஸ்ஸில் அந்த வழியாகப் போனேன். எங்கள் தெரு வந்தபோது எதிர்ப்பக்கம் திரும்பி உட்கார்ந்துகொண்டேன்.

ஆகவே இந்தத் தைதான் அம்மாவும் இல்லாமல் வீடும் இல்லாமல் வந்த முதல் பொங்கல். கார்த்திகையிலேயே எனக்குத் தூக்கம் போய்விட்டது. அவனுக்கு ஞாபகம் இருக்குமா? நானே ஞாபகப்படுத்தலாமா? கேட்டு வாங்கினால் அது சீரா? வராமல் போனால் இனிமேல் நான் யார் வீட்டுப் பெண்? போன் பேசும்போதெல்லாம் சுற்றி வளைத்துப் பார்த்தேன். “கடைத்தெருவுல கரும்பு வந்து எறங்கிடுச்சு தம்பி” என்றேன். “அப்படியாக்கா? இங்க ஸ்னோ கொட்டுது” என்றான்.

போகிக்கு முதல் நாள் நாத்தனாருக்குச் சீர் கட்ட வேண்டும். வீட்டுக்காரருடைய தங்கை, கோட்டுச்சேரியில் இருக்கிறாள். சாமான் வாங்குவது, கூடை அடுக்குவது, பானைக்கு மஞ்சள் தடவுவது எல்லாம் என் வேலை. வண்டியில் கட்டிக்கொண்டு போய் இறக்குவது மட்டும் அவர் வேலை. கூடைக்குள் என்ன இருக்கிறது என்றுகூட அவருக்குத் தெரியாது. அன்றைக்கும் அடுக்கினேன். அவரைக்காயை மேலே பரப்பும்போது என் வாசல் ஞாபகம் வந்தது. பொறாமை இல்லை, அது வேறு ஏதோ. அவர் வண்டியில் கயிறு போட்டுக்கொண்டிருக்கும்போது நாத்தனார் போன் செய்தாள். கையெல்லாம் மஞ்சள் என்பதால் ஸ்பீக்கரில் போட்டேன்.

“அண்ணி, அண்ணன் கெளம்பிட்டாங்களா?”

“கெளம்பிக்கிட்டே இருக்காங்கம்மா.”

“ஒங்களுக்கு வந்துடுச்சா?”

“நாளைக்கித்தானே போகி. வரும்.”

“யாரு கொண்டாருவா?”

“யாராச்சும் கொண்டாருவாங்க.”

“இல்ல, அங்க பூட்டு தொங்க கதவுகூட இல்லியே இப்ப. அதான் கேட்டேன். மனசுல வச்சிக்காதீங்க அண்ணி. வரலன்னா சொல்லுங்க, எனக்கு வர்ற கரும்புல ஒண்ண ஒடிச்சு அனுப்புறேன்.”

சொல்லிவிட்டுச் சிரித்தாள். கெட்டவள் இல்லை, வாய் கொஞ்சம் நீளம். நானும் சிரித்தேன். அவர் தலை நிமிரவில்லை. போட்ட முடிச்சை அவிழ்த்து மறுபடியும் அதே முடிச்சைப் போட்டார்.

போகியன்று விடியலிலேயே அவர் மோட்டார் போடக் கிளம்பிவிட்டார். நான் கோலத்தைப் போட்டுவிட்டு, துணி காயப்போடுகிற சாக்கில் வாசலுக்கும் உள்ளுக்குமாக நடந்தேன். பக்கத்து வீட்டு ராத்தா மதிலுக்கு அந்தப் பக்கம் மீன் ஆய்ந்துகொண்டிருந்தாள். முஸ்லிம் வீடு. நான் இந்தத் தெருவுக்கு வந்த நாளிலிருந்து அவள்தான் எனக்கு அக்கா மாதிரி.

“என்ன புள்ள, காலுல சக்கரமா கட்டியிருக்கே? ஒரு எடத்துல உக்காரேன்.”

“வெயில் பாக்குறேன் ராத்தா. துணி காயணும்.”

“வெயிலு மேலேருந்துல்ல வருது. நீ தெருமொனையப் பாக்குறே.”

நான் பதில் சொல்வதற்குள் தெருமுனையில் ஒரு ஆட்டோ திரும்பியது. பக்கவாட்டில் கரும்புத் தோகை நீட்டிக்கொண்டு வந்தது. எங்கள் வாசலில்தான் நின்றது. ஓட்டுகிறவர் கடைத்தெரு ஸ்டாண்டில் பார்த்த முகம்.

“மோட்டார்க்காரர் வீடு இதுதானுங்களே? சீரு வந்திருக்கு.”

“எங்கேருந்து?”

“ஒங்க தம்பிதாங்க. பிரான்சு தம்பி. போன்ல சொன்னாரு.”

“ஒங்ககிட்டயா சொன்னான்?”

“என்ட்ட இல்லீங்க. கடையில சொல்லி, கடையில என்ட்ட... நல்லா இருக்காராம். ஒங்கள ரொம்ப விசாரிச்சாராம்.” அதற்கு மேல் நிற்காமல் கூடையை இறக்கி வைத்துவிட்டு வண்டியைத் திருப்பினார்.

அவர் திக்கியதெல்லாம் எனக்கு அப்போது உறைக்கவில்லை. பானை இருந்தது. மஞ்சள் கொத்து இருந்தது. கரும்பு ஜோடியாக இருந்தது. கண்ணில் தண்ணீர் கொட்டிவிட்டது. ராத்தா மீன் கையோடு மதிலருகே வந்து நின்றாள்.

“மாஷா அல்லாஹ். தம்பி மறக்கல பாரு. ஏன் புள்ள அழுவுறே? கரும்பு வந்ததுக்கு அழுவுற ஆள இப்பத்தான் பாக்குறேன்.”

கூடையை உள்ளே கொண்டுபோய், முறத்தில் காயை ஒவ்வொன்றாக எடுத்து வைத்தேன். பரங்கிக் கீற்று, வாழைக்காய், மொச்சை, அவரை, சர்க்கரைவள்ளி. அடியில் ஒரு சின்னப் பை முடிச்சுப் போட்டுக் கிடந்தது. அவிழ்த்தேன். பாகற்காய். சின்னச் சின்னதாக, முள் தேயாமல், ஒரே அளவாகப் பொறுக்கிய பாகற்காய்.

அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டேன்.

சீர்க் கூடையில் எந்தப் பெண்ணும் அதை வைக்க மாட்டாள். சீருக்கு என்று சொல்லி வாங்கினால் காய்க்கடைக்காரரே எடுத்து வெளியே போட்டுவிடுவார். யாருக்கு என்று சொல்லாமல், வாரா வாரம் பொறுக்குகிற பழக்கத்தில், கை தானாகப் போய் எடுத்துப் போட்ட காய் அது. அந்தக் கை எது என்று எனக்குத் தெரியாதா?

பிறகு மனசு ஒரு பிடி தேடியது. ஒருவேளை தம்பியே இவருக்குப் போன் செய்து, ‘மச்சான், என் பேரில் வாங்கி இறக்குங்க’ என்று சொல்லியிருந்தால்? வாங்கிய கை யாருடையதாக இருந்தால் என்ன, சொன்னது அவனாக இருந்தால் அது தம்பி சீர்தானே? அம்மா கொண்டுவந்ததும் அப்படித்தானே? அதைப் பிடித்துக்கொண்டேன். பாகற்காயை அரிசி டிரம்முக்குப் பின்னால், காணும் பொங்கலுக்கு வரப்போகிற நாத்தனார் கண்ணில் படாத இடத்தில் மறைத்து வைத்தேன்.

மத்தியானம் அவர் வந்தார். செருப்பைக்கூடக் கழற்றவில்லை. கரும்பைக் கொல்லைப்பக்கம் சாத்தியிருந்தேன், கூடை உள்ளே இருந்தது.

“அட, சீரு வந்திருக்கா? யாரு கொண்டாந்தா?”

“தம்பி அனுப்பிச்சிருக்கான்.”

“பரவால்லியே. நான்தான் அன்னைக்கே சொன்னேன்ல, பய மறக்க மாட்டான்னு.”

அவர் எந்த அன்றைக்கும் அப்படிச் சொன்னதில்லை. ‘தம்பி ஒங்ககிட்ட பேசினானா?’ என்று நாக்கு நுனிவரை வந்தது. கேட்டால் பதில் கிடைத்துவிடும். கேட்கவில்லை.

மறுநாள் புதுப் பானையில் பால் ஊற்றி வாசலில் அடுப்பு வைத்தேன். பால் எந்தப் பக்கம் முதலில் வழிகிறது என்று பார்ப்பது வழக்கம். கிழக்கே வழிந்தால் நல்லது என்பார்கள். அம்மா இருந்தவரை போனில் முதலில் கேட்பதும் அதைத்தான். அன்றைக்குப் போன் அடிக்கிறதோ என்று உள்ளே பார்த்துக்கொண்டிருந்ததில் பால் பொங்கிவிட்டது. நான் திரும்புவதற்குள் நாலு பக்கமும் வழிந்திருந்தது. அவர் “பொங்கலோ பொங்கல்” என்று தனியாகக் குரல் கொடுத்துக்கொண்டிருந்தார். எந்தப் பக்கம் முதலில் என்று அவரிடம் கேட்டேன். “பொங்குச்சுல்ல, வுடு” என்றார். அது வேறு ஒரு கவலையாகச் சேர்ந்துகொண்டது.

நாங்கள் சாப்பிட்டு முடித்த நேரம் தம்பி கூப்பிட்டான். அங்கே அப்போதுதான் காலை. அவர் பாயில் கண்ணை மூடிக் கிடந்தார், தூங்கவில்லை. நான் போனை எடுத்துக்கொண்டு கொல்லைக்குப் போனேன்.

“ஹாப்பி பொங்கல்க்கா.”

“ஹாப்பி பொங்கல் தம்பி. புள்ளைங்க எழுந்திருச்சா?”

“ஸ்கூலுக்குக் கெளம்புதுங்க. மச்சான் எங்க?”

“படுத்திருக்காங்க.”

சொல்லிவிட்டேன்.

“சீரு வந்துச்சு தம்பி.”

அவன் கொஞ்சம்கூட யோசிக்கவில்லை.

“வந்துச்சாக்கா? அம்மாகிட்ட சொல்லியிருந்தேன். எல்லாம் சரியா...”

அங்கேயே நின்றுவிட்டது.

அந்தப் பக்கம் ஏதோ பாத்திரம் வைக்கிற சத்தம். பிள்ளைகள் அவர்கள் பாஷையில் என்னவோ கேட்டன. கதவைச் சாத்தினான். அவன் யாரிடமும் எதுவும் சொல்லவில்லை என்று தெரிந்துபோயிற்று. கோபம் வரும் என்று நினைத்தேன், வரவில்லை. அவன் நாக்கு வருஷா வருஷம் போகிற வழியிலேயே போயிருக்கிறது. போய்ப் பார்த்தால் அங்கே வீடு இல்லை.

“அக்கா.”

“ம்.”

“வச்சிடாதக்கா.”

“வைக்கல தம்பி.”

கரும்பில் எறும்பு ஏறிக்கொண்டிருந்தது. ஒரு கையால் தட்டிவிட்டுக்கொண்டே இருந்தேன்.

“யாருக்கா அனுப்பிச்சா?”

“நீதான்டா அனுப்பிச்சே. தெருவெல்லாம் அப்படித்தான் சொல்லியிருக்கேன்.”

சின்ன வயசில் முழங்காலைச் சிராய்த்துக்கொண்டு வந்தால் அழுகையை அடக்குவதற்கு ஒரு சத்தம் போடுவான். அதே சத்தம் கேட்டது. பிறகு மூக்கை உறிஞ்சிக்கொண்டு கேட்டான்.

“பாலு எந்தப் பக்கம் பொங்குச்சு?”

“கிழக்க” என்றேன்.

காணும் பொங்கலுக்கு நாத்தனார் வந்தாள். பானையைத் தட்டிப் பார்த்தாள், புடவையை விரித்துப் பார்த்தாள். “பரவால்ல அண்ணி, ஒங்க தம்பி நல்லாத்தான் செஞ்சிருக்காரு” என்று சொல்லிவிட்டுப் போனாள். நல்ல நாளில் பாகற்காய் சமைக்கக்கூடாது. எல்லாம் கழிந்த பிறகுதான் டிரம்முக்குப் பின்னாலிருந்து பையை எடுத்தேன். பாதி பழுத்து மஞ்சளாகியிருந்தது. தூக்கிப் போடலாம் என்றால் அவர் வாங்கியது. சமைக்கலாம் என்றால் அம்மா சொன்னது. தம்பி அனுப்பாததால் தம்பி உறவு தப்பித்தது என்று வைத்துக்கொண்டாலும், அனுப்பியவருடைய உறவு? இனி எனக்கு மிச்சம் இருப்பது அது ஒன்றுதானே? இப்படியெல்லாம் நினைத்துக்கொண்டு, நறுக்கிக் கல்லுப்புப் போட்டுப் பிசறி, நீரைப் பிழிந்தேன். மறுபடியும் உப்புப் போட்டுப் பிழிந்தேன். சீர் வெல்லத்தில் ஒரு துண்டு போட்டிருப்பேன், அவருக்கு ஆகாது.

தட்டில் வைத்ததும் நிமிர்ந்து பார்த்தார்.

“பாவக்கா ஏது? நான் இந்த வாரம் வாங்கலியே.”

“தம்பி சீருல இருந்துச்சு.”

கை சோற்றிலேயே நின்றது. பிறகு பிசைய ஆரம்பித்தார்.

“எனக்கு சுகருன்னு ஞாபகம் வச்சிருக்கான் பாரேன்.”

“ஆமா. ஆனா சீருல பாவக்கா வைக்கக்கூடாதுங்க. உறவு கசந்துடும்னு எங்கம்மா சொல்லும்.”

மென்றுகொண்டிருந்தவர் நிறுத்தினார். என்னைப் பார்க்கவில்லை, தட்டையே பார்த்தார்.

“அவனுக்கு எப்படித் தெரியும் அதெல்லாம். ஆம்பளப் பய.”

“அடுத்த வருஷம் வேண்டாம்னு சொல்லணும்.”

“சொல்லிடு. கேட்டுக்குவான்.”

அவர் எனக்கென்று ஒரு துண்டுகூட விட்டு வைக்கவில்லை. வாணலியை இழுத்து, இருந்த பாகற்காய் அத்தனையையும் தன் தட்டிலேயே போட்டுக்கொண்டு, ஒன்று விடாமல் சாப்பிட்டுவிட்டு எழுந்து போனார். வாணலியில் ஓரமாக ஒரு துண்டு ஒட்டியிருந்தது. எடுத்து வாயில் போட்டுக்கொண்டேன். அவ்வளவு பிழிந்தும் கசந்தது. அம்மா இருந்திருந்தால் கையைத் தட்டிவிட்டிருப்பாள்.